கணக்குப் புத்தகம் மாமியார் கையில்: பெண்கள் நடத்தும் குற்றத் தொழில் தொடர்களை மலையகத்திலிருந்து பார்த்தால்

ஹோமி அடஜானியா இயக்கத்தில் 2023 மே மாதம் ஹாட்ஸ்டாரில் வந்த ‘சாஸ், பஹூ ஔர் ஃபிளமிங்கோ’ தொடரில் சாவித்திரி என்ற மாமியார் ஒரு கூட்டுறவுச் சங்கம் நடத்துகிறார். கிராமத்துப் பெண்கள் துணியில் வேலைப்பாடு செய்கிறார்கள், மூலிகை மருந்து தயாரிக்கிறார்கள். பார்க்கிறவர்கள் கையெடுத்துக் கும்பிடுகிற மாதிரியான நிறுவனம். அதற்கு அடியில் ஓடுவது போதைப்பொருள் தொழில். டிம்பிள் கபாடியா நடித்த அந்த மாமியாருக்கு இரண்டு மருமகள்கள், ஒரு மகள். மகள் சரக்கைத் தயாரிக்கிறாள், மருமகள்கள் அதைக் கைமாற்றுகிறார்கள். வெளிநாட்டில் இருந்து ஊருக்கு வரும் மகன்களுக்கோ வீட்டுச் செலவுக்குப் பணம் எங்கிருந்து வருகிறது என்பதே தெரியாது.

இந்த வகைத் தொடர்கள் நான்கைந்து வருடமாக வரிசையில் வருகின்றன. இலங்கை மலையகத் தேயிலைத் தோட்டங்களின் லயங்களில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில், கூரை மேல் டிஷ் வைத்து சன் டிவி பார்த்துப் பழகிய நம் வீடுகளிலும், போன் வைத்திருக்கும் இளசுகள் வழியாக இவை வந்து சேர்ந்துவிட்டன. பேச்செல்லாம் பெரும்பாலும் ‘பொம்பளைங்களும் துவக்கு தூக்குறாங்க’ என்ற அளவில்தான் நிற்கிறது. எனக்கு அது இந்தத் தொடர்களின் மிகச் சலிப்பான பக்கம். யார் சுட்டாலும் துவக்குச் சத்தம் ஒன்றுதான். இவற்றில் உண்மையில் கவனிக்க வேண்டியது வீட்டுக் கணக்கு யார் கையில் இருக்கிறது, அது எப்படி அந்தக் கைக்கு வந்தது, அந்தக் கணக்கில் விழும் பணத்துக்கு யார் முதுகு ஒடிந்தது என்பதுதான். தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு இது புதிய கேள்வியே இல்லை.

விதவை என்ற வாசல்

முதலில் இந்தக் கதைகளின் பூர்வீகத்தைக் கொஞ்சம் பார்க்கலாம். அண்மைக்கால முன்மாதிரி என்றால் நெதர்லாந்தில் 2010இல் தொடங்கி 2017 வரை ஓடிய ‘பெனோசா’. கணவன் போதைப்பொருள் தொழிலில் இருந்தவன். அவன் கொல்லப்படுகிறான். கடன் கேட்டு ஒரு கூட்டம், பழி தீர்க்க ஒரு கூட்டம், துப்புக் கேட்டுப் பொலிஸ் என்று எல்லோரும் வாசலுக்கு வர, பிள்ளைகளோடு தனித்து நிற்கும் கார்மென் வேறு வழியில்லாமல் அதே தொழிலுக்குள் இறங்குகிறாள். அமெரிக்கர்கள் 2013இல் இதை ‘ரெட் விடோ’ என்று எடுத்தார்கள். சுவீடனில் 2015இல் ‘கோஸ்மம்மன்’ ஆனது. 2020 ஜூனில் ராம் மாத்வானி ராஜஸ்தானில் கொண்டுபோய் நட்டார். சுஷ்மிதா சென் நடித்த ‘ஆர்யா’ அதுதான். அடுத்த வருடம் சர்வதேச எம்மி விருதுக்கான பரிந்துரைப் பட்டியலிலும் அது இடம்பிடித்தது.

நாலு நாட்டுக்குப் போயும் ஒரு விஷயம் மாறவே இல்லை. ஆண் சாக வேண்டும், அப்புறம்தான் பெண் உள்ளே வர முடியும். அதுவும் ஆசைப்பட்டு வரக்கூடாது, பிள்ளைகளுக்காக வர வேண்டும். ஆண் ரவுடி பணத்துக்காகக் கொலை செய்தால் பார்வையாளர் விசிலடிப்பார். பெண் அதையே செய்தால் காரணம் கேட்பார். தாய் என்ற அனுமதிச் சீட்டைக் காட்டினால்தான் கதை நகரும். ‘ஆர்யா’வின் முதல் பருவ முடிவு இதைக் கொஞ்சம் ஆட்டிப் பார்க்கிறது (பார்க்காதவர்கள் இந்த ஒரு வரியைத் தாண்டிப் போகவும்): புருஷனைக் கொன்றது வெளியாள் இல்லை, பெற்ற அப்பாவின் வேலை. அபின், மருந்துக் கம்பனி என்று குடும்பச் சொத்தாகவே ஓடும் தொழிலில், மகளின் தாலியும் ஒரு வியாபார முடிவாகிப் போகிறது.

இது வெறும் கற்பனை என்றும் சொல்ல முடியாது. குஜராத்தின் போர்பந்தரில் சர்மன் முஞ்சா ஜடேஜா 1986இல் கொல்லப்பட்ட பிறகு அவருடைய மனைவி சந்தோக்பென் ஜடேஜா அந்தக் கூட்டத்தைத் தன் கைக்கு எடுத்தார். 1990இல் குதியானா தொகுதியில் சட்டமன்ற உறுப்பினராகவும் ஆனார். இத்தாலியின் நேப்பிள்ஸ் பக்கம் ரஃபாயேல் கூத்தோலோ சிறையில் இருந்தபடி பெரிய கும்பல் ஒன்றை நடத்தியபோது, வெளியே அதை ஓட்டிக்கொண்டிருந்தவர் அவருடைய அக்கா ரொசெத்தா. பல வருடம் தலைமறைவாக இருந்து 1993இல்தான் பிடிபட்டார். ஒருவர் விதவை, மற்றவர் சிறைப்பட்டவனின் அக்கா. ஆணின் நாற்காலி காலியாக இருந்த நேரத்தில்தான் இரண்டு பேருக்கும் இடம் கிடைத்தது.

இந்த இடத்தில் சிசிலித் தலைநகர் பலேர்மோவின் ஒரு நீதிமன்றத் தீர்ப்பை நினைவுபடுத்தாமல் போக முடியாது. 1983இல் மாஃபியா குடும்பப் பெண்கள் சிலர் கறுப்புப் பண விவகாரத்தில் சிக்கியபோது, இந்தப் பெண்கள் இத்தனை சிக்கலான வியாபார உலகத்தில் சுயமாக இயங்கும் அளவுக்கு ஆண்களின் பிடியில் இருந்து விடுபட்டவர்கள் இல்லை என்ற கருத்துப்பட நீதிமன்றம் சொன்னது. அவமானப்படுத்திவிட்டு விடுதலையும் கொடுத்த தீர்ப்பு! இப்படிப்பட்ட ஒரு கண்மூடித்தனம் இல்லாவிட்டால் சாவித்திரியின் கூட்டுறவுச் சங்கம் ஒரு வாரம்கூடத் தாங்காது.

மலையகத்தில் ஒரு குடும்பத்துத் தலைவன் இறந்தால் கதை எங்கே தொடங்கும்? கும்பல் கடன் கேட்டு வருவதற்கு முன்னால் குடியிருக்கும் அறையான காம்பராவைப் பற்றிய பயம் வந்துவிடும். லயத்துக் காம்பரா தோட்டத்தின் சொத்து. வீட்டில் யாராவது ஒருவர் பெயர் தோட்டத்தில் பதிவாகி வேலைக்குப் போனால்தான் அங்கே இருப்பதற்கு ஒரு தெம்பு. அதனால்தான் இங்கே எத்தனையோ பெண்கள் உடம்பு முடியாமலும் கூடையைக் கழற்றாமல் மலைக்குப் போகிறார்கள். கார்மெனுக்கும் ஆர்யாவுக்கும் பெரிய வீடும் காரும் மிச்சம் இருந்தன. அவர்களுடைய ‘வேறு வழியில்லை’யும் நம் ஊர்க்காரிகளின் ‘வேறு வழியில்லை’யும் ஒரே எடை இல்லை.

யாரும் திறந்து பார்க்காத டப்பா

2025 பெப்ரவரி கடைசியில் நெட்ஃபிளிக்ஸில் வந்த ‘டப்பா கார்டல்’ இன்னும் கெட்டிக்காரத்தனமான யோசனையோடு தொடங்குகிறது. மும்பைக்குப் பக்கத்துத் தானே நகரம். ஒரு மருமகளும் வீட்டுவேலைக்கு வரும் பெண்ணும் சேர்ந்து அலுவலகங்களுக்குச் சாப்பாட்டு டப்பா அனுப்பும் சின்னத் தொழில் செய்கிறார்கள். மிரட்டலுக்குப் பயந்து அந்த டப்பாவுக்குள் வேறு சரக்கும் போகத் தொடங்குகிறது. பிறகு ஒவ்வொருத்தியாக உள்ளே இழுபடுகிறார்கள். ஷபானா அஸ்மி நடித்த மாமியார் ஷீலாவுக்கு இது பழகிய தொழில் என்பது போகப் போகத் தெரிகிறது. நம்மவர்கள் இந்தத் தொடரைத் தேடிப் பார்த்ததற்கு ஜோதிகா ஒரு காரணம் என்று நினைக்கிறேன். தொழில் நொடிந்துகொண்டிருக்கும் வருணாவாக அவர் வருகிறார்.

சாப்பாட்டு டப்பாவை யார் திறந்து பார்ப்பார்கள்? பொலிஸ் லொறியை மறிக்கும், கோடவுனைச் சோதிக்கும், ஆண்களின் போனைத் தோண்டும். பருப்புக் கறி வாசனை வரும் டப்பாவை ‘போ போ’ என்று அனுப்பிவிடும். கூட்டுறவுச் சங்கத்துக்கும் அதே கதைதான். பெண்கள் காலம் காலமாகச் செய்யும் வேலையை வேலை என்றே யாரும் எண்ணாததால், அது உலகத்திலேயே பத்திரமான மறைவிடமாகி விடுகிறது. இந்தத் தொடர்களை எழுதியவர்கள் கண்டுபிடித்த மிக நல்ல விஷயம் இதுதான். துரதிர்ஷ்டம் என்னவென்றால், பாதி வழியில் அதை விட்டுவிட்டுத் துரத்தலுக்கும் கடத்தலுக்கும் ஓடிவிடுகிறார்கள்.

நம் பக்கத்துச் சீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். எந்தத் தோட்டத்திலும் ஒவ்வொரு லயத்துக்கும் நம்பிக்கையான ஓர் அக்கா இருப்பார். மாதம் 5,000 ரூபாய் வீதம் 20 பேர் சேர்ந்தால் ஒரு முறைக்கு 100,000 ரூபாய். யாருக்கு முதல் சீட்டு, யார் வீட்டில் சடங்கு வருகிறது, யார் மகள் ஏஎல் பரீட்சைக்கு டியூஷன் போகிறாள், யாரை நம்பி இரண்டாவது சீட்டைக் கொடுக்கலாம், யாருக்குக் கடைசியில்தான் கொடுக்க வேண்டும் என்பதெல்லாம் அந்த அக்காவின் தலைக்குள் இருக்கும். பழைய சிஆர் கொப்பி ஒன்றில் கொஞ்சம் எழுதியும் இருக்கும். சீட்டு நடத்துவதற்கென்று இலங்கையில் 1935ஆம் ஆண்டிலேயே ஒரு கட்டளைச் சட்டம் வந்துவிட்டது. லயத்துச் சீட்டு அதைப் பார்த்து ஓடுவதில்லை. முகத்தைப் பார்த்து ஓடுகிறது.

அப்புறம் வந்தது நுண்கடன். அதுவும் பெண்களைக் குழுவாகச் சேர்த்துத்தான் கொடுக்கப்பட்டது. ஒருத்தி தவணை கட்டாவிட்டால் மற்றவர்கள் கட்ட வேண்டும். வாரா வாரம் கூட்டம். கடன் வாங்கியவள் வீட்டில் இல்லை என்றால் தேடிப் போவது பக்கத்துக் காம்பராக்காரிதான். கம்பனிக்காரர் மோட்டார் சைக்கிளில் வந்து உட்கார்ந்துகொண்டால் போதும்.

சீட்டோ நுண்கடனோ, உள்ளே இருப்பவை ஒன்றுதான்: பெயர்ப் பட்டியல், நம்பிக்கை, ஒழுங்கான கூட்டம், தவறினால் ஊர் முன்னால் வெட்கம். ஒரு குற்றக் கும்பலைக் கட்டியெழுப்ப ஆண்கள் ஆயுதத்தையும் சத்தியத்தையும் வைத்துக்கொண்டு என்ன பாடுபடுகிறார்களோ, அதில் பெரும்பகுதி பெண்களிடம் முன்பே தயாராக இருக்கிறது. சாவித்திரிக்குக் கூட்டுறவுச் சங்கம் வெறும் முகமூடி என்று தொடர் காட்டுகிறது. சங்கத்தைக் கட்டிய திறமையும் போதைப்பொருள் தொழிலைக் கட்டிய திறமையும் ஒரே திறமை. அந்த இடத்தில் கமரா இன்னும் கொஞ்ச நேரம் நின்றிருக்கலாம்.

பேர் போடுகிறவர் யார்

சரி, கணக்குக்கு வருவோம்.

மலையகத்தின் முதல் குடும்பத் தொழில் என்று ஒன்றைச் சொல்வதானால் அது கங்காணி முறைதான். பெரிய கங்காணி தன் ஊரில், தன் சொந்தபந்தத்தில், தன் சாதிக்குள் ஆள் திரட்டிக் கொண்டுவருவார். வழிச்செலவுக்குக் கொடுத்த முற்பணம் தொழிலாளியின் பெயரில் கடனாக ஏறும். ஆள் வேலைக்கு வரும் ஒவ்வொரு நாளுக்கும் கங்காணிக்குத் தலைக்காசு. கடன் தீராமல் வேறு தோட்டத்துக்குப் போக முடியாது. ‘துண்டு’ என்ற அந்தக் கடன் சீட்டு முறை 1921இல்தான் ஒழிக்கப்பட்டது. ஆள் கடத்தல், கடன் வலை, உறவு விசுவாசம், தப்பினால் தேடிப்பிடித்தல் என்று ஒரு குற்றத் தொடருக்கு வேண்டிய சாமான் எல்லாம் இதில் இருக்கிறது. ஒரே வித்தியாசம், இது சட்டத்தின் ஆதரவோடு நடந்தது.

இந்தத் தொழிலில் பெண் எங்கே இருந்தாள்? கொழுந்து மலையில். தேயிலைத் தொழிலின் அடிப்படையே கொழுந்து பறிப்பு, அதைச் செய்கிறவர்கள் பெரும்பாலும் பெண்கள். அவர்களுக்குப் பின்னால் நின்று விரட்டும் கங்காணி ஆண். கொழுந்து நிறுக்கும் கொட்டகையான மடுவத்தில் நிறுப்பவர் ஆண். ஈரத்துக்கும் கூடைக்கும் என்று கிலோவைக் கழிப்பவர் ஆண். குறித்த கிலோ வந்ததா, முழுப்பேரா (முழு நாள் சம்பளமா) அரைப்பேரா என்று செக்றோல் என்ற வேலைப் பதிவேட்டில் போடுபவரும் ஆண். ஒரு நாள் முழுக்க மழையில் நனைந்து பறித்தது ஒருத்தி, அது ஒரு நாளாக எண்ணப்படுமா என்று முடிவுசெய்வது இன்னொருவர்.

சம்பள நாளிலும் அதே கதைதான். மனைவியின் சம்பளத்தைக் கணவனோ அப்பாவோ போய் வாங்கிக்கொள்வது பல தோட்டங்களில் வெகுகாலம் சாதாரண நடைமுறை. பிள்ளைக் காப்பகமான பிள்ளை மடுவத்தில் இருந்து பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய் அடுப்பு மூட்ட வேண்டியவளுக்கு ஒபிஸ் வாசலில் வரிசையில் நிற்க நேரமில்லை என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். போதாக்குறைக்கு, ஒரே தோட்டத்தில் பெண்ணின் நாட்சம்பளம் ஆணுடையதைவிடக் குறைவு. 1984இல் நடந்த பெரிய வேலைநிறுத்தத்துக்குப் பிறகுதான் இருவருக்கும் சமமான நாட்சம்பளம் வந்தது. இதை எத்தனை பேர் நினைவில் வைத்திருக்கிறார்கள் என்று தெரியவில்லை. நாட்சம்பளமாக ஆயிரம் ரூபாய் கேட்ட போராட்டம் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கிறது, 1984 இல்லை.

இந்தப் பின்னணியோடு ஒருவர் ‘சாஸ், பஹூ’வைப் பார்த்தால் அதில் வேறு ஒன்று தெரியும். சாவித்திரியின் அதிகாரம் எங்கே இருக்கிறது? எதிரியைக் கொல்லும் காட்சியில் இல்லை. பணம் எங்கே போகிறது, யாருக்கு எவ்வளவு, மகனுக்கு எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது என்று அவர் முடிவெடுப்பதில் இருக்கிறது. வீட்டு ஆண்கள் செலவழிக்கிறார்கள், கணக்குக் கேட்பதில்லை. செக்றோல் பேனா இடம் மாறிவிட்டது. ஒரு கொழுந்துக்காரிக்கு இந்தத் தொடரில் இனிக்கக்கூடிய விஷயம் ஒன்று இருந்தால் அது அந்தப் பேனாதான்.

ஆனால் அதே கொழுந்துக்காரி உடனே அடுத்த கேள்வியையும் கேட்பாள்: அந்தச் சங்கத்தில் உட்கார்ந்து வேலை செய்கிற மற்றப் பொம்பளைகளுக்கு எவ்வளவு? தொடர் இந்தக் கேள்விக்கு அவ்வளவாக முகம் கொடுப்பதில்லை. மேலே இருக்கும் நாலு பெண்களுக்கும் ஆளுக்கொரு கதை, ஆளுக்கொரு காயம், ஆளுக்கொரு காதல். கீழே இருப்பவர்கள் கூட்டம். கங்காணியின் இடத்தில் ஒரு பெண் வந்து உட்கார்ந்தால் மலை ஏறுகிறவளுக்கு என்ன மாறும் என்பது நமக்கு அனுபவக் கேள்வி. சமீப காலத்தில் சில தோட்டங்களில் பெண்களையும் கங்காணியாகப் போடுகிறார்கள். கிலோக் குறி மாறவில்லை.

சன் டிவியில் 2022 முதல் 2024 வரை ஓடிய ‘எதிர்நீச்சல்’ இந்த விஷயத்தில் நேர்மையாக இருந்தது என்று எனக்கு ஓர் அபிப்பிராயம். ஆதி குணசேகரன் வீட்டு மருமகள்கள் படித்தவர்கள், திறமைசாலிகள், ஆனாலும் சமையலறையில் அடைபட்டவர்கள். அந்தக் கதையில் பெரிய குண்டு வெடித்தது துவக்கால் இல்லை, அப்பத்தாவின் பெயரில் இருந்த நாற்பது வீதப் பங்கால். ஒரு கிழவியின் பெயரில் ஒரு தாள் இருக்கிறது என்பதற்காக அத்தனை ஆண்களும் தூக்கம் இழந்தார்கள். ‘எதிர்நீச்சல்’ குற்றத் தொடர் என்று விளம்பரம் செய்யப்படவில்லை. ஆனாலும் கள்ளக் கையெழுத்து, மிரட்டல், ஆளை மறைத்துவைத்தல் என்று எல்லாம் வீட்டுக் கூடத்திலேயே நடந்தன. இந்தி மெகா சீரியல்களைக் கிண்டல் செய்யும் பெயரை வைத்துக்கொண்டு வந்த ‘சாஸ், பஹூ’, கிண்டல் செய்த இடத்தில் இருந்துதான் தன் முழு நாடகத்தையும் எடுத்துக்கொண்டது: வாரிசு யார், சாவிக்கொத்து எந்த மருமகளுக்கு.

சரக்குச் சுமப்பவள்

போதைப்பொருள் தொழிலில் பெண்கள் உண்மையில் அதிகமாக இருக்கும் இடம் தலைமை நாற்காலி இல்லை. எந்த நாட்டிலும் அவர்கள் பெரும்பாலும் சரக்குச் சுமக்கும் குருவிகளாகவும், சின்னப் பொட்டலம் விற்பவர்களாகவும், மகனோ கணவனோ வீட்டில் ஒளித்துவைத்ததற்காகச் சேர்த்துப் பிடிபட்டவர்களாகவும் இருக்கிறார்கள். கிரிசெல்டா பிளாங்கோ போல ஒருத்தி தலைவி ஆனால் அவளைப் பற்றி 2024இல் நெட்ஃபிளிக்ஸ் தொடர் வரும். பிடிபட்ட குருவிக்குச் செய்தித்தாளில் இரண்டு வரி வரும்.

இலங்கைச் சட்டம் இந்தக் கீழ்ப்படியில் கடுமையாக விழுகிறது. நஞ்சு, அபின், அபாயகர மருந்துகள் கட்டளைச் சட்டத்துக்கு 1984இல் கொண்டுவந்த திருத்தத்தின்படி, இரண்டு கிராமோ அதற்கு மேலோ ஹெரோயின் வைத்திருந்தால் மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனை. 1976க்குப் பிறகு இங்கே யாரும் தூக்கில் போடப்படவில்லை, ஆகவே மரண தண்டனை என்பது நடைமுறையில் வருடக்கணக்கான சிறை. இரண்டு கிராம் என்பது ஒரு பெண் சேலைத் தலைப்பில் முடிந்துகொள்ளக் கூடிய அளவு. கொள்கலன் கணக்கில் இறக்குகிறவர் சரக்கைக் கையால் தொடுவதே இல்லை. ‘வைத்திருந்தவர்’ யார் என்று சட்டம் கேட்டால் பதிலில் வந்து நிற்பது எப்போதும் கடைசிக் கைதான்.

‘டப்பா கார்டல்’ இந்த இடத்தை ஓரளவு தொட்டது. நிமிஷா சஜயன் நடித்த மாலா, வீட்டுவேலை செய்கிறவள். மற்றவர்களுக்கு இந்தத் தொழில் கடன், கணவன், மரியாதை சம்பந்தப்பட்ட பிரச்சினை. மாலாவுக்கு அது அடுத்த மாத வாடகை. ஐந்து பேரும் ஒரே மேசையில் உட்கார்ந்து பங்கு பேசும்போது, பொலிஸ் வந்தால் யார் முதலில் மாட்டுவார் என்பது பார்க்கிறவர்களுக்குத் தெரிகிறது. அவளுக்கும் தெரிகிறது. மற்ற நாலு பேரில் சிலர் அதை நினைக்காமல் இருக்கிறார்கள். கொழும்பில் ‘வீட்டு வேலைக்கு நல்ல பிள்ளை ஒண்ணு’ என்று நம் தோட்டத்துப் பிள்ளைகளைக் கேட்டு வாங்கிக்கொண்டு போன தலைமுறைகளை அறிந்த ஊருக்கு மாலா தூரத்துச் சொந்தம் இல்லை.

இங்கே எடுத்தால்

இப்படி ஒரு தொடரை ஹட்டனிலோ பண்டாரவளையிலோ வைத்து எடுத்தால் எப்படி இருக்கும் என்று யாராவது அடிக்கடி கேட்பார்கள். முதலில் தொழிலை மாற்ற வேண்டும். இரகசிய ஆய்வுகூடத்துக்குப் பதிலாகக் கசிப்பு என்ற கள்ளச்சாராயம். கசிப்புக் கலவையான கோடா ஊறும் பரலை ஆற்றோரப் பற்றைக்குள் ஒளிப்பது, புகை தெரியாமல் விடியற்காலையில் காய்ச்சுவது, சீனியையும் ஈஸ்ட்டையும் ஒரே கடையில் வாங்கினால் சந்தேகம் வரும் என்று மூன்று கடைகளில் பிரித்து வாங்குவது. இவ்வளவும் நுணுக்கமான வேலை. இன்னும் எளிதானது போயா நாள் போத்தல். பௌர்ணமி விடுமுறையான போயாவுக்கு நாடு முழுக்க மதுக்கடை பூட்டு. முதல் நாளே வாங்கிப் பதுக்கிவைத்து மறுநாள் கூட்டி விற்றால் அதுவே ஒரு தொழில். இதில் பிடிபடும் பெண்களைப் பற்றிய செய்திகள் நம் பத்திரிகைகளின் பிராந்தியப் பக்கங்களில் வந்துகொண்டுதான் இருக்கின்றன.

இங்கேதான் கதை கசக்கத் தொடங்கும். அதே லயத்தில் அந்தப் போத்தலை வாங்கிக் குடித்துவிட்டு வரும் புருஷனிடம் அடி வாங்குபவளும், போத்தலை விற்றுப் பிள்ளையைப் பள்ளிக்கூடம் அனுப்புபவளும் ஒரே பீலியில் தண்ணீர் பிடிப்பவர்கள். சீட்டும் ஒரே அக்காவிடம்தான் போடுவார்கள். சாவித்திரியின் ‘ஃபிளமிங்கோ’ என்ற போதைப்பொருள் எங்கோ நகரத்தில் யாரோ பணக்காரர்களின் மூக்குக்குப் போகிறது; அந்தத் தொடரால் நிம்மதியாகச் சிரிக்க முடிவதற்கு இது ஒரு காரணம். தோட்டத்தில் வாங்குகிறவனும் விற்கிறவளும் ஒருவரை ஒருவர் முறை வைத்துக் கூப்பிடுகிறவர்கள். எழுதத் தெரிந்தவர் கையில் இது பெரிய நாடகம். எழுதத் தெரியாதவர் கையில், ‘தோட்டத்துக்காரர்கள் என்றாலே குடி’ என்று வெளியில் இருந்து நம்மேல் ஏற்கெனவே குத்தப்பட்டிருக்கும் முத்திரை இன்னொரு முறை குத்தப்படும். கூடை சுமந்த பெண்ணைச் சுற்றுலாப் பட அட்டையில் சிரிக்க வைப்பார்கள், நாடகத்தில் அழ வைப்பார்கள். அவள் கணக்குப் பார்ப்பதாக எந்தத் திரையிலும் அதிகம் வந்ததில்லை.

வேறொரு சிக்கல் மொழி. இந்தித் தொடர்களில் விசாரணை அதிகாரியும் குற்றவாளியும் ஒரே மொழியில் மோதிக்கொள்கிறார்கள். அந்த வசனங்களில்தான் தொடரின் பாதிச் சுவை. ‘ஆர்யா’வில் ஏசிபி கான் எதிரில் உட்கார்ந்து பேசும் காட்சிகளை நினைத்துப் பாருங்கள். மலையகத்தில் அந்த மேசை வேறு மாதிரி இருக்கும். தமிழும் அரச கரும மொழி என்று 1987இல் பதின்மூன்றாவது திருத்தத்தில் எழுதியாயிற்று. ஆனாலும் பொலிஸ் நிலையத்தில் வாக்குமூலம் சிங்களத்தில் எழுதப்படுவதும், என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் தமிழ்க்காரர் அடியில் கையெழுத்து வைப்பதும் இன்னும் நின்றுபோகவில்லை. இருபது வருடம் சீட்டு நடத்தி ஒரு சதம் பிசகாத அக்கா ஒருத்தி அந்த மேசையில் உட்கார்ந்திருக்கிறாள் என்று வையுங்கள். எதிரில் இருப்பவர் எழுதுகிறார். யாராவது மொழிபெயர்க்க வேண்டும், அதற்கு அவள் மகனையே கூப்பிடுகிறார்கள். வீட்டில் என்ன தொழில் நடந்தது என்று அதுவரை தெரியாத மகன்.

அந்தக் காட்சியை எழுத ஒருவர் வேண்டும். தயாரிப்பாளர் வேறு வேண்டும். நம் தமிழ் அலைவரிசைகளின் பெரும்பாலான நேரத்தைத் தமிழ்நாட்டுச் சீரியலும் மொழிமாற்றுத் தொடரும் பிடித்திருக்கும்வரை, இரண்டாவது ஆளைக் கண்டுபிடிப்பதுதான் கஷ்டம்.